பாட்டுப் போடுகிறவரும் பாட்டுக் கட்டுகிறவரும்

வட்டக்கச்சியில் ஒரு சாமத்திய வீட்டுக்கு ஸ்பீக்கர் பொக்ஸ் இறக்கிக்கொண்டு நின்றேன். தேத்தண்ணியோடு வந்த வீட்டுக்காரத் தங்கச்சி கேட்டார்: "அண்ணை, இவன் ஏ.எல். சோதினை எழுதிப்போட்டு டிஜே ஆகப்போறானாம். பாட்டுப் போடுறதுக்கும் ஒரு படிப்பு இருக்கோ?" பக்கத்தில் வயர் சுற்றிக்கொண்டு நின்ற மகன், "டிஜே மட்டுமில்லை அம்மா, மியூசிக் புரடியூசரும்" என்றான். அவருடைய முகம் வாடிவிட்டது. "புரடியூசர் எண்டால் காசு போடோணுமெல்லே. எங்களிட்டை எங்கை காசு கிடக்கு?"

டிஜே என்றால் பாட்டுப் போடுகிறவர், புரடியூசர் என்றால் காசு போடுகிறவர். கிளிநொச்சிப் பக்கம் ஒலிபெருக்கி வாடகைக்கு விடும் தொழிலில் இருக்கும் நான் இந்த இரண்டையும் எத்தனையோ வீடுகளில் கேட்டுவிட்டேன். இரண்டும் பிழையான விளக்கம். அந்தத் தாய்க்கு நின்ற நிலையில் கொஞ்சம்தான் சொல்ல முடிந்தது. முழுவதையும் இங்கே எழுதுகிறேன்.

பெயரில் இருக்கும் குழப்பம்

டிஜே என்பது டிஸ்க் ஜொக்கி என்பதன் சுருக்கம். டிஸ்க் என்றால் இசைத்தட்டு, ஜொக்கி என்றால் குதிரையோட்டி. முதலில் வானொலியில் இசைத்தட்டுச் சுழலவிட்டு இடையிடையே பேசியவர்களைத்தான் அப்படி அழைத்தார்கள். அந்தக் கணக்கில் இலங்கை வானொலியின் எஸ்.பி.மயில்வாகனம், கே.எஸ்.ராஜா, பி.எச்.அப்துல் ஹமீத் போன்றவர்களும் அந்த வரிசையில் வருவார்கள். பிறகு அதே சொல் நடன மண்டபங்களுக்குப் போனது. அங்கே பேச்சுக் குறைந்து, ஒரு தட்டையும் இன்னொரு தட்டையும் இடைவெளி தெரியாமல் இணைக்கும் கலை வளர்ந்தது. எங்கள் ஊருக்கு வந்து சேர்ந்தபோது அது பொக்ஸும் லைற்றும் ஏற்றிவரும் வாகனத்துக்கே பெயராகிவிட்டது.

புரடியூசர் என்ற சொல்லைச் சினிமா குழப்பிவிட்டது. படத் தயாரிப்பாளர் பணம் போடுவார். இசைப்பதிவில் அந்த வேலை பெரும்பாலும் வேறு ஆட்களுடையது. இசைத் தயாரிப்பாளரை விளங்கிக்கொள்ள எங்கள் கூத்து அண்ணாவியாரை நினைத்துப் பாருங்கள். முல்லைத்தீவுப் பக்கத்துக் கோவலன் கூத்தில் யாருக்கு எந்தக் குரல் பொருந்தும், எந்தப் பாட்டை எந்த வேகத்தில் எடுப்பது, எங்கே மத்தளம் அடங்க வேண்டும் என்றெல்லாம் தீர்மானிப்பவர் அவர்தான். பழக்குவதும் அவரே. இசைத் தயாரிப்பாளர் ஒரு பதிவுக்கு அண்ணாவியார். இலத்திரனியல் இசையில் பெரும்பாலும் மெட்டுக் கட்டுபவரும், வாசிப்பவரும், பதிவு செய்பவரும் அந்த ஒரே ஆள்தான்.

ஆக, டிஜே ஏற்கெனவே இருக்கும் பதிவுகளைச் சனத்தின் முன்னால் இணைத்து ஓர் இரவை நடத்துகிறார். தயாரிப்பாளர் அந்தப் பதிவுகளை உண்டாக்குகிறார். ஒருவரே இரண்டையும் செய்யலாம். உலகப் பெயர் பெற்றவர்கள் பலர் அப்படித்தான். ஆனாலும் இரண்டும் இரண்டு தொழில்.

இரண்டு தவிலும் ஒரு தாளமும்

கோயிலில் இரண்டு தவில் மாறி மாறி வாசிப்பதைக் கவனித்திருப்பீர்கள். முதலாமவர் ஓர் உருப்படியை முடிக்கும் இடத்தில் மற்றவர் எடுக்கிறார். தாளம் ஓடிக்கொண்டே இருக்கிறது. அரை அடி பிந்தி எடுத்தால் மண்டபத்தில் சாய்ந்திருக்கும் பெரியவர் ஒருவரின் தலை உடனே திரும்பும். தாளச் சுற்றின் முதல் அடியைச் சமம் என்றும், பாட்டுத் தொடங்கும் இடத்தை எடுப்பு என்றும் சொல்கிறோம்.

டிஜே செய்வதும் இதுதான். அவரிடம் இரண்டு தவிலுக்குப் பதிலாக இரண்டு பதிவுகள் ஓடுகின்றன. ஒன்று முடியப்போகும் நேரம் மற்றையது சரியான சமத்தில் வந்து சேர வேண்டும். அதற்கு முதலில் இரண்டினதும் வேகம் ஒன்றாக வேண்டும்.

வேகத்தை ஒரு நிமிடத்துக்கு எத்தனை அடி என்று அளப்பார்கள். அதன் பெயர் பிபிஎம். ஹவுஸ் என்ற நடன இசை பெரும்பாலும் 120 முதல் 130 வரை இருக்கும். டிரம் அன்ட் பேஸ் என்ற இன்னொரு வகை 170ஐத் தாண்டும். ஒரு பாட்டு 124, அடுத்தது 126 என்று வையுங்கள். வித்தியாசம் இரண்டே அடிதானே என்று விட்டால், சேர்ந்து தொடங்கிய இரண்டும் 15 விநாடியில் அரை அடி விலகிவிடும். அந்த நேரம் சப்பாத்தோடு படியில் தடக்குவதுபோல ஒரு சத்தம் வரும். ஆடுகிறவர்களுக்குக் காரணம் தெரியாது, கால் மட்டும் நின்றுவிடும்.

வேகம் பொருந்தினால் மட்டும் போதாது. நடன இசை நான்கு அடிக்கு ஒரு சுற்றாக எண்ணப்படுகிறது. அந்தச் சுற்றின் பெயர் பார். எங்கள் ஆதி தாளத்தின் எட்டு அடிக்குள் இப்படி இரண்டு பார் அடங்கும். எட்டு அல்லது பதினாறு பாருக்கு ஒருமுறை பாட்டில் ஏதோ ஒன்று மாறும்: ஒரு வாத்தியம் சேரும், அல்லது குரல் வரும். 128 பிபிஎம் வேகத்தில் 16 பார் சரியாக 30 விநாடி. அந்த வாசலில் அடுத்த பாட்டை விட்டால் இணைப்பே தெரியாது. நடுவில் விட்டால் ஒருவர் பேசும்போது இன்னொருவர் குறுக்கே பேசுவதுபோல ஆகிவிடும்.

பழைய சினிமாப் பாட்டுகளை இப்படி இணைப்பது கடினம். அவை வாத்தியக்காரர் எல்லோரும் கூடியிருந்து வாசித்துப் பதிந்தவை. மனிதக் கை என்பதால் வேகம் ஏறியும் இறங்கியும் போகும். அந்த அசைவுதான் அவற்றின் அழகு. அதே அசைவுதான் அவற்றை இயந்திரத் தாளத்தோடு சேரவிடாமலும் செய்கிறது.

சைக்கிள் டைனமோ தந்த பாடம்

வேகத்தை எப்படி மாற்றுவது? வன்னியில் வளர்ந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. 1990களின் யுத்த காலத்தில் எங்களுக்கு மின்சாரம் இல்லை. பற்றரி தடைசெய்யப்பட்ட பொருள். சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவின் வயரை ரேப் ரெக்கோடரில் கொழுவி, பெடலைக் கையால் சுற்றித்தான் பாட்டுக் கேட்டோம். எங்கள் வீட்டில் சுற்றுவது பெரியண்ணையின் வேலை. அவருடைய கை களைக்கும்போது பாட்டு இழுபடத் தொடங்கும், பாடகியின் குரல் தடித்து ஆண் குரல்போல ஆகும். "அண்ணை, சுத்துங்கோ!" என்று கத்துவோம். அவர் வேகமாகச் சுற்றுவார், குரல் மெல்ல மெல்ல ஏறித் தன் இடத்துக்கு வரும்.

அந்த முற்றத்தில் கேட்டதுதான் இதன் அடிப்படை விதி. ஒலி என்பது அதிர்வு. நாடா மெதுவாக ஓடினால் தாளமும் மெதுவாகும், ஒரு விநாடிக்குள் வரும் அதிர்வுகளும் குறையும். அதிர்வு குறைந்தால் சுருதி இறங்கும். இசைத்தட்டுக்கும் இதே விதிதான். 1979 இல் வந்த டெக்னிக்ஸ் எஸ்எல்-1200 எம்கே2 என்ற தட்டுச் சுழற்றியில், வேகத்தை 8 வீதம் வரை கூட்டவும் குறைக்கவும் ஒரு தள்ளுகட்டை இருந்தது. டிஜேக்களுக்கு அது இன்றுவரை ஓர் அடையாளச் சின்னம். சுமார் 6 வீதம் கூட்டினால் சுருதி ஆர்மோனியத்தில் அடுத்த கட்டைக்கு ஏறிவிடும்.

இன்று கணினி இந்த முடிச்சை அவிழ்த்துவிட்டது. ஒலியை மிகச் சிறிய துண்டுகளாக நறுக்கி, ஒன்றின்மேல் ஒன்று கூடுதலாக ஏற நெருக்கியோ, குறைவாக ஏறப் பரப்பியோ அடுக்கும். சுருதி அப்படியே இருக்க, வேகம் மட்டும் மாறும். பெரியண்ணை எவ்வளவு களைத்தாலும் பாடகி பாடகியாகவே இருப்பார்.

ஏன் ஒரு காதில் மட்டும் ஹெட்போன்?

டிஜேயின் முன்னால் இரண்டு பிளேயரும் நடுவில் ஒரு மிக்சரும் இருக்கும். மிக்சர் என்பது எந்தச் சத்தம் எவ்வளவு வெளியே போக வேண்டும் என்று பங்கிடும் பெட்டி. நம்முடைய வாய்க்கால் மதகுபோல. சனம் கேட்பது ஒரு பாட்டு. அதே நேரம் அடுத்த பாட்டு ஹெட்போனுக்குள் மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். டிஜே ஒரு காதால் மண்டபத்தையும் மறு காதால் வரப்போவதையும் கேட்டு இரண்டையும் பொருத்துகிறார்.

இன்னொரு காரணமும் உண்டு. வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்கு நடந்து போனவர்கள் இதைக் கவனித்திருப்பார்கள்: இரண்டு குழாய் ஸ்பீக்கர்களுக்கு இடையில் நடக்கும்போது ஒரே சொல் இரண்டு தரம் கேட்கும். ஒலி ஒரு விநாடியில் ஏறத்தாழ 340 மீற்றர்தான் போகும். மேடையில் நிற்பவருக்கு 34 மீற்றர் தள்ளியிருக்கும் பொக்ஸின் சத்தம் பத்தில் ஒரு விநாடி பிந்தித்தான் வந்து சேரும். அதை நம்பித் தாளம் பொருத்தினால் பிழைத்துவிடும். அதனால்தான் மேடையில் டிஜேக்குப் பக்கத்திலேயே ஒரு பொக்ஸ் வைக்கச் சொல்லிக் கேட்பார்கள். அதை வீண் செலவு என்று நினைக்கும் வீட்டுக்காரர்களுக்கு நான் சொல்லும் விளக்கமும் இதுதான்.

மிக்சரில் தடித்த ஒலி, நடு ஒலி, மெல்லிய ஒலி என்று மூன்றுக்கும் தனித்தனித் திருகு இருக்கும். இரண்டு பாட்டின் தடித்த ஒலியும் ஒன்றாக வந்தால் வெறும் கலங்கல்தான். ஒன்றைக் குறைத்து மற்றதை ஏற்ற வேண்டும். சரியான இடத்தில் அது நடந்தால் பாட்டு மாறியதை நெஞ்சு முதலில் அறியும், காது பிறகுதான் அறியும்.

"பட்டனைத் தானே அமத்துறார்"

இந்தப் பேச்சில் பாதி உண்மை இருக்கிறது. வேகம் பொருத்துவதை இன்று மென்பொருள் ஒரே அழுத்தலில் செய்துவிடும். பெரும் விழாக்களில் லைற்றும் வாணவேடிக்கையும் பாட்டோடு சேர வேண்டும் என்பதற்காக முன்கூட்டியே வரிசைப்படுத்திவைக்கும் வழக்கமும் உண்டு. ஆனால் எந்தப் பாட்டு, எப்போது என்று இயந்திரம் அறியாது. என்னைக் கேட்டால் வேலையின் முக்கால் பங்கு அதுதான்.

1973 ஓகஸ்ட் 11 அன்று நியூயோர்க்கின் பிரொங்ஸ் பகுதியில், பள்ளிக்கு உடுப்பு வாங்கக் காசு சேர்ப்பதற்காக ஒரு பெண் விருந்து வைத்தார். பாட்டுப் போட்டவர் அவருடைய சகோதரர், ஜமேக்காவில் பிறந்த கூல் ஹேர்க். பாட்டில் குரல் ஓய்ந்து தாளம் மட்டும் வரும் சில விநாடிகளில்தான் சனம் உயிர்த்து ஆடுகிறது என்பதை அவர் கண்டிருந்தார். ஒரே இசைத்தட்டில் இரண்டு பிரதி வைத்து, ஒன்றில் அந்தத் துண்டு முடிய மற்றதில் தொடங்கி, சில விநாடியைப் பல நிமிடமாக நீட்டினார். ஹிப் ஹொப்பின் தொடக்கமாக அந்த விருந்தைத்தான் சொல்கிறார்கள். அங்கே இருந்தது கருவி பாதி என்றால் சனத்தைப் பார்த்த கண் பாதி.

இதுவரை வந்தது டிஜேயின் பக்கம்: வேகம் பொருத்துதல், சமம் பார்த்து விடுதல், ஒலிகளைப் பங்கிடுதல், சனத்தின் முகம் படித்தல்.

கணக்குக் கொப்பியில் ஒரு தாளம்

தயாரிப்பாளருக்குச் சனம் முன்னால் இல்லை. அவர் ஓர் அறையில், பெரும்பாலும் தனியே, ஒரே எட்டு விநாடியை நூறு தரம் கேட்டுக்கொண்டிருப்பார். முக்கியக் கருவி, ஒலியைப் பதிந்து அடுக்கி வெட்டி ஒட்டும் மென்பொருள். டோ என்பார்கள். எஃப்எல் ஸ்டூடியோ, ஏபிள்டன் லைவ் ஆகியவை பலர் பாவிப்பவை.

அதன் திரை கணக்குக் கொப்பியின் சதுரக் கோடுபோல இருக்கும். ஒரு வரியில் 16 சதுரம் கீறுங்கள், அது ஒரு பார். 1, 5, 9, 13 ஆம் சதுரங்களில் கனத்த முரசு ஒலி. 5இலும் 13இலும் ஒரு கைதட்டல். 3, 7, 11, 15இல் மெல்லிய தாளத்தட்டு. இதை நிறுத்தாமல் ஓடவிட்டால் ஹவுஸ் இசையின் எலும்புக்கூடு வந்துவிடும். இந்த அளவுக்கு ஒரு பின்னேரத்தில் யாரும் படிக்கலாம்.

கடினம் பிறகுதான். ஒலியையே செய்ய வேண்டும். ஒலியைப் பிறப்பிக்கும் மின் கருவிக்கு, அல்லது அதே வேலையைச் செய்யும் மென்பொருளுக்கு, சிந்தசைசர் என்று பெயர். அது முதலில் ஒரு வெறும் அதிர்வைத் தரும். அதை ஃபில்ற்றர் வடிக்கும். பக்கத்து ஒழுங்கையில் கலியாண வீடு நடக்கும் இரவில் உங்கள் வீட்டுக் கதவைச் சாத்தினால் "டும் டும்" மட்டும் கேட்கும். திறந்தால் குரலும் தாளத்தட்டும் சேர்ந்து வரும். ஃபில்ற்றர் அந்தக் கதவு. நடன இசையில் சத்தம் மூடுண்டு கிடந்து மெல்லத் திறந்து பொங்கும் இடம் வருமே, அங்கே ஒருவர் அந்தக் கதவைத்தான் திறக்கிறார். அடுத்தது ஒலியின் உருவம். தவிலின் ஒலி சட்டென்று பிறந்து உடனே சாகும். நாதஸ்வரம் மூச்சு உள்ளவரை நிற்கும். எவ்வளவு விரைவில் எழ வேண்டும், எவ்வளவு நேரம் நின்று அடங்க வேண்டும் என்று அமைப்பதற்கு என்வலப் என்று பெயர்.

இப்படிப்பட்ட கருவிகள் பணக்காரரின் சொத்தாக மட்டும் இருந்ததில்லை. ரோலண்ட் நிறுவனம் 1980 இல் டிஆர்-808 என்ற தாள இயந்திரத்தை வெளியிட்டது. உண்மையான டிரம்போல ஒலிக்கவில்லை என்று பலர் ஒதுக்கினார்கள். அவை பழைய சாமானாக மலிவு விலைக்கு வந்தபோது அமெரிக்க நகரங்களின் இளைஞர் வாங்கினார்கள். அந்தப் "பொய்" ஒலியே பிறகு ஓர் இசையின் முகமானது. மும்பையில் சினிமா இசைக்குழுக்களில் வாசித்த சரண்ஜித் சிங் 1982 இலேயே 808 கருவியையும் டிபி-303 என்ற இன்னொரு ரோலண்ட் கருவியையும் வைத்து இராகங்களை வாசித்து ஓர் இசைத்தட்டு வெளியிட்டார். அன்று அதைக் கவனித்தவர் சிலரே. பல ஆண்டுகளுக்குப் பிறகுதான் உலகம் அதைத் தேடிக் கேட்டது. யாழ்ப்பாணத்தில் சிறுவயதைக் கழித்து இலண்டனில் வளர்ந்த எம்.ஐ.ஏ. என்ற பாடகி மாயா அருட்பிரகாசமும் ரோலண்ட் எம்சி-505 என்ற ஒற்றைப் பெட்டியில்தான் தன் முதல் பாட்டுகளைக் கட்டத் தொடங்கினார்.

காசு எந்த வழியால் வரும்?

டிஜேக்கு இரவுக்கூலி. ஒரே இடத்தில் கிழமைதோறும் வாசிக்கும் நிலையான வேலையை ரெசிடென்சி என்பார்கள். ஃபிராங்கி நக்கிள்ஸ் 1977 முதல் 1982 வரை சிகாகோவின் வெயார்ஹவுஸ் என்ற மண்டபத்தில் அப்படி வாசித்தார். ஹவுஸ் இசைக்குப் பெயர் வந்ததே அந்த மண்டபத்தால்தான் என்று சொல்வார்கள்.

தயாரிப்பாளரின் வருமானம் உரிமையில் இருந்து வருகிறது. இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள், ஆகவே கொஞ்சம் நிதானமாக வாசியுங்கள். ஒரு பாட்டில் இரண்டு சொத்து உண்டு. மெட்டும் வரியும் ஒன்று. அதைப் பாடிப் பதிந்த ஒலிப்பதிவு இன்னொன்று. ஒரே மெட்டை இரண்டு பேர் தனித்தனியே பாடிப் பதிந்தால் மெட்டு ஒன்று, பதிவு இரண்டு. இலங்கையில் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் இவற்றைக் காக்கிறது. படைத்தவரின் ஆயுட்காலமும் அதன்பின் 70 ஆண்டும் மெட்டின் உரிமை நிற்கும். பிறர் பதிவில் இருந்து ஒரு துண்டை எடுத்துத் தன் பாட்டில் சேர்ப்பது சாம்ப்ளிங். அதற்கு மெட்டுக்காரரிடமும் பதிவுக்காரரிடமும் சம்மதம் வேண்டும். "நாலு விநாடிதானே" என்ற சமாதானம் சட்டத்தில் எடுபடும் என்று நம்பியிருக்கக் கூடாது.

இணையத்தில் ஒருதரம் கேட்கப்படுவதற்குக் கிடைப்பது மிகச் சிறிய தொகை. அதனால் பலருக்குப் பதிவு ஓர் அழைப்பிதழ். பாட்டுப் பரவினால் மேடைக்கு அழைப்பார்கள், வயிறு மேடையால் நிறையும். பதிவை வெளியிட்டுப் பரப்பும் நிறுவனம் லேபிள். மேடை பிடித்துத் தருபவர் ஏஜென்ற். இருவருக்கும் பங்கு போகும்.

இந்தச் சக்கரம் ஆளை அரைக்கவும் கூடும். சுவீடனைச் சேர்ந்த டிஜேயும் தயாரிப்பாளருமான அவிச்சி, எற்றா ஜேம்ஸ் 1962 இல் பாடிய பாட்டொன்றின் துண்டைச் சேர்த்துக் கட்டிய பாட்டால் 2011 இல் உலகப் புகழ் பெற்றார். ஓயாத பயணமும் உடல்நலக் குறைவும் சேர, 2016 இல் மேடையை நிறுத்தினார். 2018 ஏப்ரல் 20 அன்று மஸ்கட்டில் இறந்தபோது வயது 28. பிள்ளை இந்தத் தொழிலுக்குப் போகிறான் என்றால், நித்திரை கொள்கிறானா சாப்பிடுகிறானா என்று கேட்க வீட்டில் ஓர் ஆள் இருக்க வேண்டும்.

எங்கள் மண்ணில் நின்று

வன்னியில் நடனக் கிளப் இல்லை. கலியாணம், பிறந்தநாள், சாமத்திய வீடு, விளையாட்டுப் போட்டி, இவைதான் எங்கள் மேடை. ஐந்து வயதுப் பிள்ளையும் எழுபது வயது அப்பாச்சியும் ஒரே பந்தலில் இருக்கும் இடத்தில் சனத்தின் முகம் படிக்கப் பழகினவனுக்கு வேறு எந்த மண்டபமும் பயம் தராது என்று நான் நம்புகிறேன்.

தெரிந்திருக்க வேண்டியவை சில உண்டு. ஒலிபெருக்கிக்குப் பொலிஸ் அனுமதி எடுக்க வேண்டும். பேசிய காசை எழுத்தில் வாங்க வேண்டும். என்னோடு வேலைக்கு வந்த ஒரு பொடியனுக்கு ஒரு மண்டபக்காரர் பாதிக் காசைத்தான் கொடுத்தார், கேட்கக் கையில் கடதாசி இல்லை. எல்லாவற்றையும்விட காது. சத்தத்தை டெசிபெல் கணக்கில் அளப்பார்கள். 85 டெசிபெல் சத்தத்தில் 8 மணித்தியாலம் நிற்கலாம் என்றால் 100 டெசிபெல்லில் 15 நிமிடம்தான் பாதுகாப்பு. பெரிய பொக்ஸுக்கு முன்னால் 100ஐத் தாண்டுவது எளிது. காதுக்குள் ஒருமுறை நிரந்தரமாக இரைச்சல் பிடித்தால் மாற்றுவது கடினம். இன்னொன்றும் சொல்ல வேண்டும். எங்கள் பந்தல்களில் ஷெல் சத்தத்தால் காது பழுதானவர்கள் இருக்கிறார்கள். திடீரென்று கனத்த ஓசை விழுந்தால் உடம்பு நடுங்குகிறவர்களும் இருக்கிறார்கள். நான் பொக்ஸைச் சனத்தின் நடுவே திருப்பி வைப்பதில்லை. சத்தத்தைப் படிப்படியாகத்தான் ஏற்றுவேன். எங்கள் ஊர் டிஜே ஒவ்வொருவரும் இதைப் பழக வேண்டும்.

அன்று வட்டக்கச்சியில் வேலை முடிந்த பிறகு, அந்தப் பொடியன் தான் கட்டிய முதல் பாட்டை லப்டொப்பில் போட்டுக் காட்டினான். 118 பிபிஎம். கனத்த அடிகளுக்கு இடையில் "தடக் தடக்" என்று ஓர் ஒலி, கொஞ்சம் மெதுவாக்கி, சதுரத்துக்குச் சதுரம் வைக்கப்பட்டிருந்தது. குசினிக்குள் நின்ற தாய் வெளியே வந்தார்.

"இது எங்கடை லான்ட்மாஸ்ரர் உழவு மெசின் எல்லே?"

"ஓம் அம்மா. வயலிலை நிண்டு போனிலை பதிஞ்சனான்."

அவர் இன்னும் கொஞ்ச நேரம் நின்று கேட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார். "அண்ணை, நீங்கள் சொன்ன அந்த உரிமை… இந்தச் சத்தம் ஆற்றை?"

"பதிஞ்சது அவன். பதிவு அவன்ரை, தங்கச்சி."